அம்மாவின் முழங்கால் குளிசைகள்

என் இரண்டு சிறுநீரகங்களும் போய்விட்டன என்று கேள்விப்பட்டதும் எங்கள் ஆட்கள் கேட்ட முதல் கேள்வி, "தம்பி குடிக்கிறவரோ?" என்பதுதான். கோயில் வாசலில் செருப்பைத் தேடிக்கொண்டு நின்ற அம்மாவிடம் ஒரு அன்ரி இப்படிக் கேட்டாராம். அம்மா இல்லை என்று சொல்ல, "அப்ப ஊசி கீசி ஏதும் போட்டவரோ? உந்த ஃபுட்போல்காரர் எல்லாரும் போடுறவையாமே" என்று அடுத்த கேள்வி. நாசமாய்ப் போக! நான் குடிக்கிறவனும் இல்லை, ஊசி போட்டவனும் இல்லை. ஆளுக்கு ஆள் ஃபோனில் விளக்கம் சொல்லிக் களைத்துப்போய்த்தான் இதை எழுதுகிறேன். வாரத்தில் மூன்று நாள், ஒவ்வொரு நாளும் நான்கு மணித்தியாலம், இரத்தம் சுத்திகரிக்கும் இயந்திரத்துக்குப் பக்கத்தில் சும்மா கிடக்கிறவனுக்கு வேறு என்ன வேலை?

ஆங்கிலத்தில் எழுதினால் எனக்குச் சுகம். ஆனால் கேள்வி கேட்டவர்கள் தமிழில்தானே கேட்டார்கள். எட்டு வயதில் யாழ்ப்பாணத்திலிருந்து ஸ்காபரோவுக்கு வந்த என்னைப் பத்து வருடம் சனிக்கிழமை சனிக்கிழமையாகத் தமிழ் வகுப்புக்கு இழுத்துக்கொண்டு போனார் அம்மா. அவர் பட்ட பாட்டுக்கு இதாவது மிஞ்சட்டும்.

நான் விளையாடியது நீங்கள் நினைக்கிற உதைபந்தாட்டம் இல்லை. தலைக்கவசம் போட்டு, இரண்டு முனையும் கூரான பந்தைக் கையில் வைத்துக்கொண்டு ஓடுகிற அமெரிக்கன் ஃபுட்போல். பந்தோடு ஓடுகிறவனைத்தான் எல்லாரும் பார்ப்பார்கள். அவனை நிலத்தில் விழுத்துகிற கூட்டத்தில் நான் ஒருவன். லைன்பேக்கர் என்பது என் இடத்தின் பெயர்.

ஒஹாயோவில் ஒரு சின்னக் கல்லூரியில் விளையாட்டுக்கான உதவித்தொகையில் படித்தேன். படிப்பு முடிகிற வருடம், அங்குள்ள பெரிய லீக்கின் குழுக்கள் மூன்று நாள் உட்கார்ந்து கல்லூரி விளையாட்டுக்காரர்களை ஒவ்வொருவராகத் தெரிவு செய்யும். டிராஃப்ட் என்பார்கள். டிவியில் காட்டுவார்கள். ஸ்காபரோவில், ரூஜ் பகுதியில், எங்கள் வீட்டு பேஸ்மென்டில் முதல் நாள் இருபது பேர் கூடி ரோல்ஸும் பற்றிஸும் சாப்பிட்டார்கள். இரண்டாம் நாள் ஒன்பது பேர். மூன்றாம் நாள் அம்மாவும் அக்காவும் நானும்தான். அப்பா நான் பத்தாம் வகுப்பில் படிக்கும்போதே இறந்துவிட்டார். கடைசிப் பெயரையும் வாசித்து முடித்தார்கள், அதுவும் என் பெயர் இல்லை. அரை மணித்தியாலம் கழித்து ஒரு குழுவிலிருந்து ஃபோன் வந்தது. தெரிவாகாதவர்களிலும் கொஞ்சப் பேரைப் பயிற்சிக் காம்புக்குக் கூப்பிடுவார்கள். எந்த நாளும் வீட்டுக்கு அனுப்பலாம் என்ற ஒப்பந்தம். அந்த வித்தியாசம் அம்மாவுக்கு விளங்கவில்லை. "அமெரிக்காவில எடுத்திட்டாங்கள்" என்று ஸ்காபரோ முழுக்கச் சொல்லிவிட்டார்.

நான்கு வருடம், மூன்று குழு. ஐந்து தடவை நிற்பாட்டினார்கள். உண்மையான ஆட்டத்தில் இறங்கியது பதினொரு தடவை. அதிலும் பெரும்பாலும் என் வேலை, பந்தை உதைத்து ஆட்டத்தைத் தொடங்கும்போது ஐம்பது யார் தூரம் முழு வேகத்தில் ஓடிப்போய் எதிரே வருகிறவனில் மோதுவது. பெரிய சம்பளக்காரனை அந்த வேலைக்கு விடமாட்டார்கள், உடைந்தால் நட்டம். மிச்ச நாளெல்லாம் பயிற்சிக்கு மட்டும் வைத்திருக்கும் ஆள். ஞாயிற்றுக்கிழமை எதிர்க்குழு என்ன செய்யும் என்பதை வியாழக்கிழமை நடித்துக் காட்டி, எங்கள் நட்சத்திரங்களிடம் அடி வாங்குவேன்.

தெரிவாகாதவனுக்கு ஒரு சட்டம் உண்டு. அது எங்கேயும் எழுதியிருக்காது, முதல் நாளே தெரிந்துவிடும். சிகிச்சை அறைக்குள் கால் வைக்கக் கூடாது. கோடிக்கணக்கில் வாங்குகிறவன் அங்கே மேசையில் மல்லாந்து படுத்துக்கொண்டு ஃபோன் பார்ப்பான். நான் போய்ப் படுத்தால் என் பெயர் பதிவேட்டில் ஏறும். ஏறினால் அடுத்த நாள் காலையில் ஒருவன் வந்து தோளைத் தட்டி, "பயிற்சியாளர் கூப்பிடுகிறார், உன் ஐபேடையும் கொண்டு வா" என்பான். ஆட்டத் திட்டங்கள் ஏற்றித் தந்த குழுவின் ஐபேடைத் திருப்பிக் கேட்டால் வேலை போய்விட்டது. அதோடு சரி. ஆகவே அந்தக் கதவைத் தாண்டும்போது நான் நேரே பார்த்துக்கொண்டு நடப்பேன். "உடம்பு எப்படி?" என்று பயிற்சியாளர் கேட்டால், "நூறு சதவீதம்." தோள்மூட்டு இறங்கிக் கிடந்த நாளிலும் நூறு சதவீதம். பின்னேரம் பெற்றோல் ஷெட்டில் ஐஸ் மூட்டைகள் வாங்கி வந்து வாடகை வீட்டுக் குளியல் தொட்டியில் கொட்டி, அதற்குள் இருந்து பல்லைக் கடிப்பேன்.

ஐஸ் போதவில்லை. முதல் வருடம் லீவில் வீட்டுக்கு வந்தபோது அம்மாவின் குளிசையில் இரண்டை எடுத்துப் போட்டேன். அம்மா மார்க்கம் நகரில் ஒரு பொதியிடும் தொழிற்சாலையில் நாள் முழுக்க நின்று வேலை செய்கிறவர். இரண்டு முழங்காலும் தேய்ந்துவிட்டன. நோவையும் வீக்கத்தையும் குறைக்கிற குளிசை ஒன்றைக் குடும்ப டொக்டர் எழுதிக் கொடுத்திருந்தார். பொல்லாத மருந்து ஒன்றும் இல்லை, உங்கள் வீட்டிலும் இருக்கும். அடுத்த நாள் எனக்குப் பதினாறு வயது திரும்பியதுபோல இருந்தது.

"அம்மா, உங்கட முழங்கால் குளிசை இன்னும் கிடக்கோ?"

"ஓம் கிடக்கு. ஏனடா, நோகுதோ?"

"சாதுவா, கொஞ்சம்தான்."

"கொண்டு போ. டொக்டரிட்டச் சொல்லி இன்னும் எடுக்கலாம்."

அதற்குப் பிறகு ஒவ்வொரு காம்புக்கும் போகும்போது, காலுறைகளுக்குள் சுற்றிய போத்தல்கள் என் பையில் இருக்கும். போத்தலில் நாளுக்கு இரண்டு என்று எழுதியிருந்தது. நான் காலையில் இரண்டு, பின்னேரம் இரண்டு போட்டேன். மோசமான நாட்களில் கடையில் வாங்கியதும் சேர்ந்தது. குழுவுக்குத் தெரியாத மருந்து, பதிவேட்டில் ஏறாத மருந்து. பெரிய கெட்டிக்காரன் என்று என்னை நானே மெச்சிக்கொண்டேன். மடையன்!

கடைசி காம்ப் ஓகஸ்ட் வெயிலில். ஒரு பயிற்சியில் பத்து இறாத்தல் வியர்வையாகப் போகும். உடம்பில் தண்ணீர் வற்றிக் கிடக்கும்போது இந்தக் குளிசை சிறுநீரகத்துக்குப் போகிற இரத்தத்தை இன்னும் குறைத்துவிடும் என்பது அப்போது எனக்குத் தெரியாது. சிறுநீர் சாயத் தேநீர் நிறத்தில் போனது. வாயில் இரும்பைச் சப்பிய ருசி. காலுறையைக் கழற்றினால் வீங்கிய கணுக்காலில் பள்ளம். மாத முடிவில் தோளைத் தட்டினார்கள்.

வெளியேறுமுன் ஒரு மருத்துவப் பரிசோதனை உண்டு. முழங்கால், தோள், கழுத்து எல்லாவற்றையும் அசைத்துப் பார்த்துவிட்டு ஒரு பத்திரத்தை நீட்டினார்கள். எனக்கு எந்தக் காயமும் நோய் வருத்தமும் இல்லை, குழுவிடம் கேட்க ஒன்றும் இல்லை என்பது அதன் சாரம். அன்று காலையில் மட்டும் மூன்று தடவை சத்தி எடுத்தவன் நான். கையெழுத்து வைத்தேன். வருத்தக்காரன் என்ற பெயரோடு வெளியே போனால் வேறு எந்தக் குழுவும் கூப்பிடாது. என்னைப்போன்றவர்கள் எல்லாரும் வைக்கிற கையெழுத்துத்தான் அது.

வீட்டுக்கு வந்த மூன்றாம் நாள் குளியலறை வாசலில் கால் மடிந்து விழுந்தேன். இருநூற்று நாற்பது இறாத்தல் உடம்பு. அம்மாவும் அக்காவும் சேர்ந்தும் அசைக்க முடியவில்லை. "எழும்படா, எழும்பு மோனை" என்று அம்மா கன்னத்தில் தட்டிக்கொண்டிருக்க, அக்கா அம்புலன்ஸைக் கூப்பிட்டார்.

அவசரப் பிரிவில் ஆறு ஏழு மணித்தியாலம் கதிரையில் இருத்தி வைப்பதுதான் இந்த ஊர் வழக்கம். என் இரத்தத்தை எடுத்துப் பார்த்த கையோடு என்னைத் தள்ளிக்கொண்டு உள்ளே ஓடினார்கள். அப்போதுதான் எனக்குப் பயம் பிடித்தது. பொட்டாசியம் என்ற உப்பு உடம்பில் கூடிவிட்டதாம். கூடினால் இதயம் திடீரென்று நின்றுவிடும். கிரியாட்டினின் என்று இன்னொன்று, தசை வேலை செய்யும்போது உண்டாகிற கழிவு. சிறுநீரகம் ஒழுங்காக இருந்தால் அதை வெளியே தள்ளிவிடும். நல்ல ஆளுக்கு எண்பது தொண்ணூறு இருக்கும். எனக்கு ஆயிரத்து நூறு. கழுத்து நரம்புக்குள் பென்சில் மொத்தத்தில் ஒரு குழாயைச் செருகி இயந்திரத்தில் கொழுவினார்கள். என் இரத்தம் வெளியே போய், சுத்தமாகி, குளிர்ந்து திரும்பி வந்தது. நடுங்கினேன். எதிரே வருகிறவனுக்கு ஒருநாளும் பயப்படாத நான், அந்தக் கட்டிலில் அழுதேன். கட்டில் வேறு எனக்குக் கட்டை, பாதம் இரண்டும் வெளியே தொங்கின. அக்கா ஒரு கதிரையை இழுத்து வந்து அதில் தலையணை போட்டுக் காலைத் தூக்கி வைத்தார்.

அடுத்த நாள் சிறுநீரக டொக்டர் வந்தார். நரைத்த முடியைக் கட்டையாக வெட்டிய, மெதுவாகக் கதைக்கிற பெண். நோவுக்கு ஏதும் மருந்து எடுக்கிறீர்களா என்று கேட்டார்.

"இடைக்கிடை" என்றேன்.

நான்கு வருடம் வெள்ளைக் கோட்டுக்காரரைக் கண்டால் பொய் சொல்லிப் பழகிய வாய். தானாகவே வந்தது. அதோடு கட்டில் பக்கத்தில் கையில் திருநீற்றுப் பையோடு அம்மா இருந்தார். அவருடைய போத்தலை அவருக்கு முன்னால் வைத்து எப்படிச் சொல்வது?

அந்தப் பொய்யை நம்பி அவர்கள் வேறு காரணம் தேடினார்கள். ஈரல் அழற்சி, எச்.ஐ.வி., உடம்பு தன்னையே தாக்குகிற நோய்கள், விளையாட்டுக்காரர் போடுகிற ஊசிகள் என்று ஒவ்வொன்றாகச் சோதித்தார்கள். குப்பி குப்பியாக இரத்தம் எடுத்தார்கள். இரண்டு நாள் போனது. பிறகு பயொப்ஸி. குப்புறப் படுக்க வைத்து, நாரிக்கு மேலே முதுகை விறைக்கப் பண்ணி, நீளமான ஊசியால் சிறுநீரகத்தில் நூல் அளவு துண்டு எடுத்து நுணுக்குக்காட்டியில் பார்ப்பது. அதற்குப் பிறகு ஆறு மணித்தியாலம் அசையாமல் மல்லாந்து கிடக்க வேண்டும்.

முடிவோடு வந்த டொக்டர் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். உட்காருகிற டொக்டர் நல்ல செய்தி கொண்டு வருவதில்லை என்பது எனக்கு ஏற்கனவே விளங்கியிருந்தது.

"இரண்டு விஷயம் தெரிகிறது" என்றார். "ஒன்று புதிய வீக்கம், ஏதோ மருந்தால் வந்தது. அது ஆறலாம். மற்றது பழைய தழும்பு, வருடக்கணக்காகச் சேர்ந்தது. அது ஆறாது. என்ன மருந்து என்று இப்போதாவது சொல்லுங்கள்."

நான் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தேன். அம்மாவுக்கு ஆங்கிலம் மட்டுமட்டு. மருந்து என்ற சொல்லும் டொக்டரின் முகமும் அவருக்குப் போதுமாக இருந்தது. கைப்பையைத் திறந்து போத்தலை எடுத்து டொக்டரின் மடியில் வைத்தார்.

"மை டாப்லெட், டொக்டர். ஐ கிவ்."

அதற்குப் பிறகுதான் எல்லாவற்றையும் சொன்னேன். எத்தனை, எத்தனை வருடம், என்னென்ன கலந்து என்று ஒன்றும் விடாமல். டொக்டர் ஏசவில்லை. வீக்கத்துக்கான மருந்தை அன்றே தொடங்கினார். முதல் நாளே சொல்லியிருந்தால் வித்தியாசம் இருந்திருக்குமா என்று நான் கேட்டேன். "சொல்ல முடியாது" என்றார். ஓம் என்றோ இல்லை என்றோ சொல்லியிருந்தால் நிம்மதியாகப் படுத்திருப்பேன்.

டொக்டர் போனதும் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். "நான்தானே மோனை உனக்கு நஞ்சைத் தந்தனான்."

"விசர்க்கதை கதைக்காதேங்கோ அம்மா. சொன்னதுக்கு மேல போட்டது நான்."

"கேட்டிருக்கலாம். டொக்டரிட்ட ஒரு சொல் கேட்டிருக்கலாம்" என்று திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டேயிருந்தார். நேர்ஸ் வந்து அவரை வெளியே கூட்டிக்கொண்டு போக வேண்டியதாயிற்று.

ஆஸ்பத்திரியில் இருக்கும்போதே அக்கா கடைசிக் குழுவின் அலுவலகத்துக்கு எழுதிப் போட்டார். இது விளையாடியதால் வந்த வருத்தம் என்று அவர்கள் ஒத்துக்கொள்ள வேண்டும் என்பதுதான் கேட்டது. அங்கிருந்து ஒருவன் ஃபோன் எடுத்தான். நல்ல மரியாதையான குரல். சிகிச்சைப் பதிவேட்டில் என் பெயர் ஒரு தடவைகூட இல்லை என்றான். போகும்போது சுகமாக இருப்பதாக நானே கையெழுத்து வைத்திருக்கிறேன் என்றான். மருந்தும் தங்களுடையது இல்லை என்றான். ஒரு பொய்யும் சொல்லவில்லை. அதுதான் எனக்கு வயிற்றெரிச்சல். அந்தப் பதிவேட்டில் பெயர் வராமல் இருக்க நான் என்ன பாடு பட்டேன்! ஒரே ஒரு நாள் வெட்கத்தை விட்டு அந்த மேசையில் படுத்திருந்தால், வேலை போயிருக்கும், சிறுநீரகம் இருந்திருக்கும். விரைவில் சுகமாகட்டும் என்று வாழ்த்திவிட்டு வைத்தான்.

"உவனுக்கு ஒரு வெட்கமும் இல்லையோ?" என்று அக்கா ஃபோனைப் பார்த்துக் கத்தினார். பக்கத்துக் கட்டில் கிழவர் திரைச்சீலையை விலக்கி எட்டிப் பார்த்தார்.

மொத்தம் பத்தொன்பது நாள். ஸ்ரௌவ்வில் நகரில் வங்கி ஒன்றில் வேலை செய்கிற அக்கா, வேலை முடிந்து ஒவ்வொரு நாளும் நேரே வந்தார். ஆஸ்பத்திரிச் சாப்பாடு எனக்கு இறங்கவில்லை. உருளைக்கிழங்கில் பொட்டாசியம் கூட என்பதால், சின்னனாக வெட்டி, ஊற வைத்து, இரண்டு தரம் அவித்துத் தண்ணீரை ஊற்றிவிட்டு, உப்பில்லாமல் ஒரு கறி வைத்துக்கொண்டு வருவார். சவர்க்காரக் கட்டி மாதிரி இருக்கும். "எப்பிடியடா இருக்கு?" என்பார். "நூறு சதவீதம்" என்பேன். அதற்கு மட்டும் சிரிப்பார். தண்ணீரும் நாளுக்கு ஒரு லீற்றர்தான். அம்மா ஐஸ் துண்டுகளைக் கரண்டியால் எடுத்து வாயில் வைத்துவிடுவார்.

காலையில் நேர்ஸ் சிறுநீர்ப் போத்தலை வெளிச்சத்தில் பிடித்து அளவை எழுதும்போது நாங்கள் மூன்று பேரும் மூச்சுப் பிடித்துக்கொண்டு பார்த்துக்கொண்டிருப்போம். விளையாடிய நாளில் என் கணக்கை இவ்வளவு கவனமாக ஒருவரும் எழுதியதில்லை. பதினோராம் நாள் அளவு கூடியது. "வந்திட்டுது, வந்திட்டுது!" என்று அம்மா நேர்ஸின் கையைப் பிடித்துக் குலுக்கினார். ஆனால் வெறும் தண்ணீர்தான் போனது, கழிவு உள்ளேயே நின்றுவிட்டது. மூன்று மாதம் பொறுத்துப் பார்ப்போம் என்றார் டொக்டர். பொறுத்தோம். மூன்று மாதம் முடிய, இனி வராது என்றார். இருபத்தாறு வயது எனக்கு. இனி ஓடவும் இல்லை, ஒருவனை விழுத்தவும் இல்லை. கழுத்துக் குழாயை எடுத்துவிட்டு, இடது கையில் இரத்தக் குழாய் இரண்டை ஒன்றாகத் தைத்து ஊசி போட இடம் செய்தார்கள். "அருமையான நரம்புகள்" என்று சத்திரசிகிச்சை டொக்டர் என் கையைத் தடவிப் பார்த்து மகிழ்ந்தார். என் உடம்பைப் பார்த்து ஆசைப்பட்ட கடைசி ஆள் அவர்தான்.

இந்த இயந்திரத்திலிருந்து தப்ப ஒரே வழி, வேறு ஒருவரின் சிறுநீரகம். இறந்தவர்களுடையதற்குக் காத்திருந்தால் வருடக்கணக்காகும். அக்கா தன்னுடையதைத் தர ஓடினார். இரத்தத்தில் சீனி கூட, சீனி வருத்தம் தொடங்குகிறது என்று மறித்துவிட்டார்கள். பிறகு அம்மா போனார். இந்த வயதில் வேண்டாம் என்று நான் சண்டை போட்டேன், கதவை அடித்துச் சாத்தினேன். "நீ உன்ர வாயைப் பொத்து" என்றார். மாதக்கணக்காக அவரைச் சோதித்தார்கள்.

போன கிழமை முடிவு சொல்லக் கூப்பிட்டார்கள். அம்மா, அக்கா, நான், தானம் செய்கிறவர்களைப் பார்க்கிற டொக்டர். பொருந்துகிறது என்றார். அம்மாவின் சிறுநீரகங்கள் நல்ல சுகமாக இருப்பதாகவும் சொன்னார். அம்மா அந்த இடத்திலேயே கும்பிட்டார். டொக்டர் கோப்பைப் புரட்டிவிட்டு ஒரு விஷயத்தை மட்டும் வற்புறுத்தினார். ஒன்றைக் கொடுத்த பிறகு மிஞ்சுவது ஒன்றுதான். ஆகவே முழங்காலுக்கு எழுதியிருக்கிற இந்தக் குளிசையை வாழ்க்கை முழுக்க அவர் தொடக்கூடாது. இரண்டு தடவை அளவைக் கூட்டி எழுதியிருக்கிறார்கள், நோ கடுமையாக இருக்க வேண்டும், இது இல்லாமல் எப்படிச் சமாளிப்பார் என்று கேட்டார்.

அக்கா தமிழில் சொன்னார்.

அம்மா யோசிக்கவே இல்லை. "நாலு வருஷமா ஒண்டும் போடாமல்தானே நிண்டு வேலை செய்யிறன். பழகிட்டுது எண்டு சொல்லு."

ஒரு ஆளுக்கு எழுதுகிற மருந்து ஒரு ஆளுக்குத்தான் காணும். நான்கு வருடமாக அந்தப் போத்தல்களைக் காலுறையிலிருந்து உருவி எடுத்த எனக்கு, அவருக்கு என்ன மிஞ்சியது என்று ஒரு நாளும் கேட்கத் தோன்றவில்லை. அக்கா என்னைப் பார்த்தார். அம்மா என்ன சொன்னார் என்று டொக்டர் கேட்டார். இரண்டாம் தரமும் கேட்டார்.

நான்தான் சொன்னேன், ஒரு சொல்லும் குறைக்காமல்.